தொழிற்சாலைக்கு வந்த தண்ணீர்க் கட்டண நோட்டீஸை எதிர்ப்பது எப்படி

தொகை எவ்வளவு என்பதைப் பிறகு பார்க்கலாம். நோட்டீஸ் கைக்கு வந்ததும் அதில் மூன்று விஷயங்களைக் கோடிட்டு வையுங்கள்: எந்தச் சட்டப் பிரிவு அல்லது எந்த ஒப்பந்த ஷரத்தின் கீழ் கேட்கிறார்கள், கையெழுத்திட்ட அலுவலர் யார், எந்தக் காலத்துக்குக் கேட்கிறார்கள். கூடவே, அது உங்கள் அலுவலகத்துக்கு வந்த தேதியை முத்திரையோடு பதிந்து, தபால் உறையையும் கோப்பில் சேருங்கள். மேல்முறையீட்டுக் காலம் பெரும்பாலும் நோட்டீஸ் கையில் கிடைத்த நாளிலிருந்துதான் ஓடும். உறையைக் குப்பையில் போட்டுவிட்டால் அந்த நாளை நிரூபிக்க வழியில்லாமல் போகும்.

பிரிவு எண் எதுவும் இல்லாமல் 'அரசு விதிகளின்படி' என்று மட்டும் எழுதியிருந்தால் அதுவே உங்கள் முதல் வாதம். எந்த அதிகாரத்தின் கீழ் கேட்கிறீர்கள் என்று ஒரு வாரத்துக்குள் எழுத்தில் கேளுங்கள். வரும் பதில் பிறகு நீதிமன்றத்தில் அவர்களைக் கட்டுப்படுத்தும்.

இது என்ன வகைப் பணம்?

தண்ணீருக்காக அரசும் அரசு நிறுவனங்களும் ஆலைகளிடம் கேட்கும் தொகை நான்கு வகைக்குள் அடங்கும். எங்கே போக வேண்டும், எத்தனை நாளுக்குள், என்ன வாதம் என்ற மூன்றையும் இந்த வகைதான் தீர்மானிக்கிறது. வகையைத் தவறாகப் பிடித்தவர்கள் இரண்டு வருடம் கழித்து 'வேறு மன்றத்துக்குப் போங்கள்' என்ற உத்தரவோடு திரும்புவது அடிக்கடி நடக்கிறது.

முதலாவது விலை. சிப்காட் வளாகத்திலோ, சென்னைக் குடிநீர் வாரியத்திடமோ, திருப்பூரில் பவானி ஆற்று நீரைக் கொண்டுவரும் 185 எம்எல்டி (ஒரு எம்எல்டி என்பது நாளைக்குப் பத்து லட்சம் லிட்டர்) திட்டத்திலோ ஒப்பந்தம் போட்டு வாங்கும் தண்ணீருக்குக் கொடுப்பது பெரும்பாலும் இந்த வகை. கோயம்பேட்டிலும் கொடுங்கையூரிலும் தலா 45 எம்எல்டி திறனுள்ள நிலையங்களில் கழிவுநீரை ஆர்ஓ முறையில் சுத்திகரித்து ஆலைகளுக்கு விற்பதும் இதில் சேரும். இங்கே ஒப்பந்தம்தான் உங்கள் சட்டப் புத்தகம்.

இரண்டாவது கட்டணம்: ஏதோ ஒரு சேவைக்கோ, அனுமதிக்கோ, கண்காணிப்புக்கோ சட்டத்தின்கீழ் வாங்குவது. மூன்றாவது வரி அல்லது தீர்வை. சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் எந்த வரியையும் விதிக்கவோ வசூலிக்கவோ கூடாது என்கிறது அரசியலமைப்பின் 265-வது பிரிவு. ஆகவே ஓர் அரசாணையை மட்டும் காட்டி வரி கேட்க முடியாது. ஆனால் அதே அரசாணை, தான் விற்கும் தண்ணீருக்கு அரசு விலை வைத்ததாக இருந்தால் இந்த வாதம் எடுபடாது. நான்காவது அபராதமும் சுற்றுச்சூழல் இழப்பீடும்: அனுமதி இல்லாமல் நிலத்தடி நீர் எடுத்தது, அனுமதித்த அளவைத் தாண்டியது போன்றவற்றுக்கு.

கட்டணத்துக்கும் வரிக்கும் உள்ள வேறுபாட்டை 1954-ல் சிரூர் மடம் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. மெட்ராஸிலிருந்து போன வழக்கு அது. கட்டணம் என்றால் கைமாறாக ஒரு சேவை இருக்க வேண்டும் என்பது அதன் சாரம். அதை மட்டும் நம்பி இன்று மனு போடுவது சரியான உத்தி ஆகாது. கொடுத்த பணத்துக்கும் பெற்ற சேவைக்கும் கணக்கு துல்லியமாகப் பொருந்த வேண்டியதில்லை, பொதுவான தொடர்பு இருந்தால் போதும் என்று 1983-ல் ஸ்ரீனிவாசா ஜெனரல் டிரேடர்ஸ் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஒழுங்குமுறைக் கட்டணத்துக்கு அந்தத் தொடர்பும் கறாராகத் தேவைப்படுவதில்லை.

நீர் மாசுத் தீர்வை என்று பழைய பாக்கி வந்தால்

1977-ன் நீர் மாசுத் தடுப்புத் தீர்வைச் சட்டம் ஜிஎஸ்டி வந்தபோது, 2017 ஜூலை 1 முதல், நீக்கப்பட்டது. அதற்குப் பிந்திய எந்த மாதத்துக்கும் இந்தத் தீர்வையைக் கேட்க இடமில்லை. முந்திய காலப் பாக்கி மட்டும் பழைய சட்டப்படியே தீர்க்கப்படும். பழைய நோட்டீஸில் பார்க்கவேண்டியவை: குளிர்விப்பு மற்றும் கொதிகலனுக்கான நீர், வீட்டுப் பயன்பாட்டு நீர், எளிதில் மக்கும் மாசு கலக்கும் நீர், எளிதில் மக்காத மாசு கலக்கும் நீர் என நான்கு வகைக்கு நான்கு விகிதம் உண்டு. தனித்தனி மீட்டர் இல்லை என்ற காரணத்தைச் சொல்லி முழு நீரையும் அதிக விகிதத்தில் போட்டிருப்பார்கள். சுத்திகரிப்பு நிலையம் அமைத்து நிபந்தனைகளைப் பின்பற்றிய ஆலைக்கு 25 விழுக்காடு தள்ளுபடி உண்டு. அதைக் கழித்தார்களா என்று பாருங்கள். தாமதத்துக்கு மாதம் 2 விழுக்காடு வட்டி என்பதால் அசலைவிட வட்டி பெரிதாக நிற்கும். அசலில் கொஞ்சம் குறைந்தாலும் மொத்தம் வெகுவாக இறங்கும்.

2003 திருத்தத்துக்கு முந்திய காலப் பாக்கி என்றால், உங்கள் ஆலை அந்தச் சட்டத்தின் அட்டவணையில் இருந்த தொழில்தானா என்பது தனிக் கேள்வி. சர்க்கரை ஆலையை 'விலங்கு அல்லது தாவரப் பொருள்களைப் பதப்படுத்தும் தொழில்' என்ற தலைப்புக்குள் இழுக்க முடியாது என்று சரஸ்வதி சர்க்கரை ஆலை வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வரிச் சட்டத்தில் பொதுவான ஒரு சொல்லை நீட்டி ஒரு தொழிலைச் சேர்க்கப் பார்க்கும் எந்த நோட்டீஸுக்கும் இந்தத் தீர்ப்பு கைகொடுக்கும்.

கணக்கைப் பிரித்துப் போடுங்கள்

பெரும்பாலான ஆலைகளுக்குப் பணம் மிஞ்சுவது கணக்கில்தான். அரசியலமைப்பு வாதத்தில் நோட்டீஸ் முழுதாக அடிபடுவது அபூர்வம். (நீர்மின் நிலையங்கள்மீது தீர்வை விதித்த இமாச்சலப் பிரதேசத்தின் 2023 சட்டத்தை, அது உண்மையில் மின் உற்பத்தி மீதான வரி என்று சொல்லி அந்த மாநில உயர் நீதிமன்றம் 2024 மார்ச்சில் ரத்து செய்தது அந்த அபூர்வ வகை.) ஆகவே வக்கீலைப் பார்ப்பதற்கு முன்பே ஆலையின் பராமரிப்புப் பொறியாளரையும் கணக்கரையும் ஒரே மேசையில் உட்கார வையுங்கள்.

அலகிலிருந்து ஆரம்பியுங்கள். நீர்வளத் துறை கனஅடியிலும் கியூசெக்கிலும் எழுதும். வாரியம் கிலோ லிட்டரில் எழுதும். பழைய ஒப்பந்தம் காலனில் இருக்கும். 1 கியூசெக் என்பது விநாடிக்கு 28.317 லிட்டர், முழு நாள் ஓடினால் சுமார் 2,447 கிலோ லிட்டர். ஒரு மில்லியன் கனஅடி 28,317 கிலோ லிட்டர். பத்து லட்சம் காலன் என்றால் இங்கிலாந்துக் காலனில் 4,546 கிலோ லிட்டர், அமெரிக்கக் காலனில் 3,785 கிலோ லிட்டர். இரண்டுக்கும் நடுவே 20 விழுக்காடு வித்தியாசம். ஒப்பந்தத்தில் எந்தக் காலன் என்று எழுதாமல் விட்டிருந்தால், முதல் சில வருட பில்களை எப்படிப் போட்டார்கள் என்பதே நல்ல சான்று.

அடுத்தது மீட்டர். இயந்திர மீட்டரில் குழாயிலுள்ள காற்றும் சக்கரத்தைச் சுற்றும். விட்டு விட்டுத் தண்ணீர் வரும் இணைப்பில் இதனால் ரீடிங் கூடும். மின்காந்த மீட்டர் குழாய் நிரம்பி ஓடினால்தான் சரியாகக் காட்டும். பாதி நிரம்பிய குழாயில் வேகத்தை அளந்துவிட்டு முழுக் குறுக்குப் பரப்பால் பெருக்கிவிடும். மீட்டருக்கு முன்னே குழாய் விட்டத்தைப்போல் குறைந்தது 5 மடங்கும் பின்னே 3 மடங்கும் வளைவோ வால்வோ இல்லாத நேர்க்குழாய் வேண்டும் என்று பல தயாரிப்பாளர்கள் கேட்கிறார்கள். உங்கள் மீட்டரின் கையேட்டில் உள்ள எண்ணையே எடுத்துக்கொள்ளுங்கள். டேப் வைத்து அளந்து, அளவுகோல் தெரியும்படி படம் எடுங்கள். முகப்பில் 'பெருக்கு 10' என்ற குறிப்பு இருந்து அது சில மாதங்களில் பெருக்கப்பட்டு, சில மாதங்களில் விடுபட்டிருக்கலாம். மீட்டர் மாற்றிய நாளில் பழைய மீட்டரின் கடைசி ரீடிங்கும் புதியதின் தொடக்க ரீடிங்கும் இரு தரப்பும் கையெழுத்திட்ட தாளில் இருக்கிறதா பாருங்கள். பல பாக்கிகள் பிறப்பது அந்த ஒரு நாளில்தான்.

மீட்டர் கோளாறு என்று சந்தேகம் வந்தால் அதைக் கழற்றாதீர்கள், சீலைத் தொடாதீர்கள். இரு தரப்பும் இருக்கும்போது சோதிக்கக் கோரிக் கடிதம் கொடுங்கள். என்ஏபிஎல் (ஆய்வகங்களுக்கான தேசிய அங்கீகார வாரியம்) அங்கீகாரமுள்ள ஆய்வகத்தின் அளவுத்திருத்தச் சான்றுக்கு மதிப்பு அதிகம். இடைப்பட்ட நாட்களில் குழாய்மேல் பொருத்தும் அல்ட்ராசோனிக் மீட்டரை வைத்து ஒரு வாரம் ஒப்பீட்டுப் பதிவு எடுக்கலாம். அது தீர்க்கமான சான்று ஆகாவிட்டாலும் சோதனைக்கு உத்தரவு வாங்க உதவும்.

மீட்டரே இல்லாத ஆலைக்கு மதிப்பீட்டு பில் வரும்: பம்பின் திறன், 24 மணி நேரம், 365 நாள். மணிக்கு 100 கன மீட்டர் பம்ப் என்றால் வருடம் 8,76,000 கிலோ லிட்டர் (ஒரு கன மீட்டரும் ஒரு கிலோ லிட்டரும் ஒன்றே). இதை உடைக்க மின் கணக்கு உதவும். ஒரு கன மீட்டர் நீரை 40 மீட்டர் உயர்த்த அடிப்படையில் 0.109 யூனிட் வேண்டும். பம்பும் மோட்டாரும் சேர்ந்து 60 விழுக்காடு திறனில் ஓடினால் 0.182 யூனிட். அந்த பம்புக்குத் தனி மின் மீட்டர் இருந்து, வருடம் 60,000 யூனிட்தான் ஓடியிருந்தால் எடுத்த நீர் சுமார் 3,30,000 கிலோ லிட்டர். கேட்பதில் பாதிகூட இல்லை. பட்டயப் பொறியாளர் (சார்ட்டர்டு இன்ஜினியர்) கையெழுத்தோடு இதைக் கொடுங்கள். ஒரு எச்சரிக்கை: உயரத்தைக் கூட்டிக் காட்டினால் நீரின் அளவு குறையும் என்பது அவர்களுக்கும் தெரியும். நிலைநீர் மட்டம், குழாய் உராய்வு இரண்டுக்கும் ஆதாரம் வையுங்கள்.

நீர்ச் சமநிலைக் கணக்கும் சேரட்டும். குளிர்கோபுரத்தில் நீரின் வெப்பம் 6 டிகிரி செல்சியஸ் இறங்கினால் சுழலும் நீரில் ஏறத்தாழ 1 விழுக்காடு ஆவியாகும். மணிக்கு 1,000 கன மீட்டர் சுழன்றால் 10 கன மீட்டர் ஆவியாகிறது. உப்பு ஐந்து மடங்கு செறியும்வரை ஓட்டினால் வெளியேற்றும் நீர் இன்னும் 2.5 கன மீட்டர். குளிர்விப்புக்கும் உற்பத்திக்கும் வெவ்வேறு விகிதம் உள்ள இடங்களில் இந்தப் பிரிப்பே லட்சங்களை மிச்சப்படுத்தும்.

உங்கள் தாள்களே உங்களுக்கு எதிராக

எதிர்தரப்பு வக்கீல் முதலில் தேடுவது உங்கள் சொந்தப் படிவங்களை. மாசுக் கட்டுப்பாட்டு வாரிய இசைவாணை (ஆலை இயங்க வாரியம் தரும் அனுமதி) விண்ணப்பத்தில் எழுதிய தினசரி நீர் அளவு, ஒவ்வோர் ஆண்டும் செப்டம்பர் 30-க்குள் தரும் படிவம் 5 சுற்றுச்சூழல் அறிக்கை, வங்கிக் கடனுக்குக் கொடுத்த திட்ட அறிக்கை, நிலத்தடி நீர் அனுமதி விண்ணப்பம் ஆகிய நான்கிலும் நான்கு எண்கள் இருப்பது வழக்கமாக நடப்பதுதான். விரிவாக்க அனுமதிக்காகக் கூட்டிச் சொன்னதும் கட்டணத்துக்காகக் குறைத்துச் சொன்னதும் ஒரே கோப்பில் வந்து மோதும். பதில் எழுதுவதற்கு முன் இந்த நான்கையும் ஒரே தாளில் வரிசையாக வைத்து, வித்தியாசத்துக்கு உண்மையான காரணத்தை (திறன் வேறு, பயன்பாடு வேறு, மறுசுழற்சி நீரையும் சேர்த்த எண் வேறு) எழுதிக்கொள்ளுங்கள்.

அவர்களுடைய தாள்களை எடுக்கத் தகவல் உரிமைச் சட்டம் 2005 இருக்கிறது. குடிமக்களுக்கான உரிமை என்பதால் கம்பெனி பெயரில் போடாமல் ஒரு தனிநபர் பெயரில், 10 ரூபாய் கட்டணத்தோடு போடுங்கள். பதிலுக்கு 30 நாள். மீட்டர் ரீடிங் பதிவேடு, மீட்டர் சோதனை அறிக்கை, கட்டணத்தை நிர்ணயித்த அரசாணை, வாரியத் தீர்மானம், அரசிதழ் நகல், அதே வளாகத்தில் மற்ற ஆலைகளுக்குப் போட்ட விகிதம் ஆகியவற்றைக் கேளுங்கள். 'ஏன்' என்று கேட்டால் பதில் வராது. ஆவணத்தைப் பெயர் சொல்லிக் கேட்க வேண்டும்.

கட்டண உயர்வு முன்தேதியிட்டு வந்திருந்தால் அரசிதழ் தேதி முக்கியம். தாய்ச் சட்டம் வெளிப்படையாக அதிகாரம் தராதவரை, அதன்கீழ் வரும் அறிவிப்பு பின்னோக்கிப் பாயாது. ஒப்பந்த விலை என்றால் 'அரசு அவ்வப்போது நிர்ணயிக்கும் விலை' என்ற ஷரத்தைத் தேடிப் பாருங்கள். அது இருந்தால் உயர்வை எதிர்ப்பது கடினம், முன்தேதியை எதிர்ப்பது சாத்தியம்.

ஒப்பந்தத் தகராறில் வழக்கமான மூன்று சிக்கல்கள்

குறைந்தபட்சக் கட்டணம் முதலாவது. எடுத்தாலும் எடுக்காவிட்டாலும் ஒப்பந்த அளவின் குறிப்பிட்ட விழுக்காட்டுக்குப் பணம் கட்ட வேண்டும் என்ற ஷரத்து செல்லும். ஆனால் தண்ணீர் தர முடியாமல் போனது அவர்கள் தரப்பு என்றால் கதை வேறு. சென்னையில் 2019 கோடைபோன்ற வறட்சியில் இப்படி நேரும். எந்த நாளில் எத்தனை மணி நேரம் வரவில்லை என்ற பதிவு, அன்றே அனுப்பிய மின்னஞ்சல், அந்த நாட்களின் லாரித் தண்ணீர் பில் ஆகியவை வேண்டும். வருட முடிவில் தயாரித்த பட்டியலை யாரும் நம்ப மாட்டார்கள். உங்கள் பக்கத்தில் ஆலை மூடியிருந்ததற்குத் தடுக்கவியலா நிகழ்வு ஷரத்தைக் காட்டுவதாக இருந்தால், அதில் சொன்ன நாட்களுக்குள் நோட்டீஸ் கொடுத்திருக்க வேண்டும். செலவு கூடிவிட்டது என்பது மட்டும் போதாது என்று எனர்ஜி வாட்ச்டாக் வழக்கில் (2017) உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

இரண்டாவது, கூடுதலாக எடுத்ததற்கு இரண்டு மடங்கு, மூன்று மடங்கு விலை. ஒப்பந்தத்தில் எழுதியிருந்தாலும் ஒப்பந்தச் சட்டம் 1872-ன் 74-வது பிரிவு அதை நியாயமான இழப்பீட்டு அளவுக்குள் நிறுத்தும். மூன்றாவது ஜிஎஸ்டி. சாதாரண நீர் வழங்கலுக்கு ஜிஎஸ்டி விலக்கு உண்டு. கனிமம் நீக்கிய நீருக்கு இல்லை. பில்லில் வரி சேர்ந்திருந்தால் எந்த நீர் என்று கேளுங்கள்.

எங்கே போவது

ஒப்பந்தத்தில் நடுவர் ஷரத்து (தகராறை நீதிமன்றத்துக்கு வெளியே ஒரு நடுவர் தீர்ப்பது) இருந்தால் அங்கேதான். வாரியத்தின் தலைமைப் பொறியாளரே நடுவர் என்றோ, அவர் நியமிப்பவரே நடுவர் என்றோ எழுதியிருந்தால் அதை ஏற்கத் தேவையில்லை. தகராறில் அக்கறை உள்ளவர் தனியாக நடுவரை நியமிக்க முடியாது என்று பெர்கின்ஸ் ஈஸ்ட்மன் வழக்கு (2019) சொல்கிறது. இணைப்பைத் துண்டிக்காமல் இருக்க இடைக்கால உத்தரவை நடுவர் சட்டத்தின் 9-வது பிரிவில் கேட்கலாம். நடுவர் ஷரத்து இல்லையென்றால் சிவில் அல்லது வணிக நீதிமன்றம். அரசு மீது வழக்கென்றால் சிவில் நடைமுறைச் சட்டம் 80-வது பிரிவு நோட்டீஸும் இரண்டு மாதக் காத்திருப்பும் உண்டு. வணிக நீதிமன்றத்தில் அவசரத் தடை கேட்காத வழக்குக்கு முன் சமரசம் கட்டாயம்.

நீர் மாசுத் தடுப்புச் சட்டத்தின் 33ஏ பிரிவில் மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் போடும் உத்தரவு, சுற்றுச்சூழல் சட்டத்தின் 5-வது பிரிவு உத்தரவு போன்றவற்றுக்குத் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம். தென் மண்டல அமர்வு சென்னையில் இருக்கிறது. கெடு 30 நாள், போதிய காரணம் காட்டினால் இன்னும் 60 நாள். அதற்கு மேல் ஒரு நாள் போனாலும் தாமதத்தை மன்னிக்கத் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் இல்லை. நிலத்தடி நீர் இழப்பீடு, ஒரு நாளைய நீர் அளவு, விகிதம், மீறிய நாட்கள் ஆகியவற்றைப் பெருக்கி வருவது. பகுதியின் வகைப்பாட்டைப் பொறுத்து விகிதம் ஏறும்: ஆண்டுக்கு எடுக்கத்தக்க நிலத்தடி நீரில் எடுப்பு 70 விழுக்காடுவரை பாதுகாப்பானது, 90 வரை ஓரளவு நெருக்கடி, 100 வரை நெருக்கடி, அதற்கு மேல் மிகைநுகர்வு. வகைப்பாடு மதிப்பீட்டுக்கு மதிப்பீடு மாறுவதால் மீறல் நடந்த காலத்தில் எது அமலில் இருந்தது என்று பாருங்கள். நாட்கள் எண்ணிக்கையில் ஞாயிறும் பராமரிப்பு நாளும் சேர்ந்திருக்கும்; மின் பில்லும் வருகைப் பதிவேடும் அவற்றைக் கழிக்க உதவும்.

ரிட் மனு (அரசின் உத்தரவை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடுவது) எல்லோருக்கும் முதலில் தோன்றுவது. மாற்று வழி இருந்தால் உயர் நீதிமன்றம் பெரும்பாலும் அங்கே அனுப்பிவிடும். வேர்ல்பூல் வழக்கு (1998) சொன்ன விதிவிலக்குகள்: அடிப்படை உரிமை மீறல், விளக்கம் கேட்காமல் போட்ட உத்தரவு, அதிகாரமே இல்லாத அலுவலர், சட்டத்தின் செல்லுபடியையே எதிர்ப்பது. உத்தரவை ரத்து செய்வதோடு ஒன்றைச் செய்யவும் சொல்ல வேண்டுமானால், சென்னையில் வழக்கமாகக் கேட்பது 'சர்ஷியோரரிஃபைட் மாண்டமஸ்'. விளக்கம் கேட்கவில்லை என்ற ஒரே காரணத்தில் ஜெயித்தால் உத்தரவு ரத்தாகி அதே அலுவலரிடம் திரும்பும். ஆறு மாதத்தில் அதே தொகை, இந்த முறை காரணங்களோடு, மறுபடி வரும். ஆகவே கணக்குப் பிழைகளையும் மனுவிலேயே சேர்த்து, மறுவிசாரணையில் மீட்டர் சோதனை நடத்தவும் நேரில் கேட்கவும் உத்தரவு கேளுங்கள்.

பணத்தைக் கட்டுவதா, நிறுத்துவதா

தகராறு இல்லாத பகுதியை உடனே கட்டுங்கள். மீதியைக் கட்ட நேர்ந்தால் 'எங்கள் ஆட்சேபத்துக்கும் திரும்பப் பெறும் உரிமைக்கும் உட்பட்டு' என்ற கடிதத்தை அதே நாளில் ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, பில் எண்ணையும் தொகையையும் அதில் குறிப்பிடுங்கள். ஆர்டிஜிஎஸ் குறிப்பில் மட்டும் எழுதினால் போதாது. தடையாணை கேட்டால் ஒரு பகுதியைக் கட்டச் சொல்வது வழக்கம். எவ்வளவு முடியும் என்ற எண்ணோடு வக்கீலை அனுப்புங்கள். தடை வாங்கியதால் வட்டி நிற்காது. தோற்றால் தடைக் காலத்துக்கும் வட்டி கட்ட நேரும் என்று சவுத் ஈஸ்டர்ன் கோல்ஃபீல்ட்ஸ் வழக்கில் (2003) உச்ச நீதிமன்றம் தீர்த்திருக்கிறது. ஒப்பந்த வட்டி 18 விழுக்காடு என்றால் நான்கு வருடத்தில் அசலில் முக்கால் பங்கு வட்டியாக ஏறும். தொகையை வங்கி வைப்பில் போட்டு வழக்கு நடத்துவது மலிவா என்று கணக்குப் போட்டுப் பாருங்கள்.

பதில் இல்லாமல் விட்டால் தமிழ்நாடு வருவாய் வசூல் சட்டம் 1864-ன் கீழ் நிலவரிப் பாக்கிபோல வசூலிக்கக் கோப்பு வருவாய்த் துறைக்குப் போகலாம். தாசில்தார் ஜப்திக்கு வந்தபின் தொகை சரியா என்று அவரிடம் வாதாடிப் பயனில்லை. ஆனால் கேட்பது காலவரம்பு கடந்த கடன் என்றால் இந்த வழியிலும் வசூலிக்க முடியாது என்று கல்யாணிக்குட்டி வழக்கு (1999) உதவும். காலவரம்பைக் கணக்கிடும்போது கேட்பவர் அரசா, வாரியமா என்று பாருங்கள்: அரசு தொடுக்கும் வழக்குக்கு 30 வருடம் உண்டு, தனிச் சட்ட நிறுவனமான வாரியத்துக்கோ கம்பெனிக்கோ அது இல்லை. இதற்கிடையில் 'பாக்கியைத் தவணையில் கட்டுகிறோம்' என்று கெடு முடியுமுன் யாராவது ஒரு கடிதம் கொடுத்திருந்தால் காலம் புதிதாக ஓடத் தொடங்கும். கணக்குப் பிரிவிலிருந்து போகும் 'பாக்கி உறுதிக் கடிதங்கள்' இந்த வகையில்தான் சேதம் செய்கின்றன.

கூடுதலாகக் கட்டியதைத் திரும்பக் கேட்பதற்கு மூன்று வருடம். ரிட் மனுவிலும் அதையே அளவுகோலாக வைப்பார்கள். 1964-ன் பாய்லால் பாய் வழக்கிலிருந்து அதுதான் நடைமுறை. தொகை வரியாகவோ தீர்வையாகவோ இருந்தால் அந்தச் சுமையை வாடிக்கையாளர் தலையில் ஏற்றவில்லை என்று நீங்கள் காட்ட வேண்டும். மஃபத்லால் தீர்ப்பு (1996) அதைக் கேட்கிறது. விற்பனை விலை அந்தக் காலத்தில் மாறவில்லை என்ற தணிக்கையாளர் சான்றை அந்த வருடக் கணக்கு முடியும்போதே வாங்கி வைப்பது எளிது.

ஜெயித்தபின் பல வாரியங்கள் பணமாகத் தராமல் வரும் பில்களில் கழிப்பதாகச் சொல்லும். ஆலை ஓடிக்கொண்டிருந்தால் ஒப்புக்கொள்ளலாம். மாதம் எவ்வளவு, எத்தனை மாதம், வட்டி உண்டா என்பதை எழுத்தில் வாங்குங்கள். தீர்ப்பின் சான்றிட்ட நகலைக் கொடுத்துக் கணினிப் பேரேட்டில் பழைய பாக்கியை நீக்கச் சொல்லி, பாக்கியில்லாச் சான்று கையில் வரும்வரை கோப்பை மூடாதீர்கள். பேரேட்டில் அந்த வரி அப்படியே நின்றால் அடுத்த மார்ச்சில் வட்டியோடு இன்னொரு நோட்டீஸ் தானாக அச்சாகி வரும்.